ஆறு மீட்டர் தொகுதி

எங்கள் தொகுதி ஒழிக்கப்பட்டுப் பன்னிரண்டு வருஷம் ஆகிறது. அரசிதழில் நாலு வரி வந்தது. வரைபடத்தில் கோட்டை அழித்தார்கள். பக்கத்துத் தொகுதிகள் மூன்றும் ஆளுக்கொரு துண்டாக எடுத்துக்கொண்டன. வாக்காளர்கள் ஒரே வாரத்தில் அதை மறந்துவிட்டு அவரவர் வேலையைப் பார்க்கப் போனார்கள். என் அக்கா வீட்டு முன் அறையில் மட்டும் அது உயிரோடு இருந்தது. காலை பத்து மணிக்குக் கூடும். பகல் ஒரு மணிக்குச் சாப்பாட்டுக்காக ஒத்திவைக்கப்படும். நாலு மணிக்குத் தூக்கக் கலக்கத்தோடு மறுபடி கூடும்.

கூடுவது இரண்டே பேர். ஒருவர் அக்காவின் கணவர், அதாவது என் அத்தான். தொகுதியின் கடைசிச் சட்டமன்ற உறுப்பினர். ஊரில் அவரை எல்லோரும் 'மாண்புமிகு' என்றுதான் சொல்வார்கள். ஆரம்பத்தில் மரியாதைக்குச் சொன்னது, பிறகு கிண்டலுக்குச் சொன்னது, இப்போது வெறும் பழக்கம். இன்னொருவர் தொகுதிச் செயலாளர். சைக்கிள் கடை வைத்திருக்கிறார். கடையைத் திறக்குமுன் இங்கே வந்து வாசலில் பெயர்ப்பலகையை மாட்டிவிட்டுப் போவார், கடையைப் பூட்டியபின் வந்து கழற்றி வைப்பார்; கடையில் ஆள் இல்லாத நேரமெல்லாம் இங்கே வந்து உட்கார்ந்துவிடுவார். நடுவில் யாராவது மனுவோடு வருவார்களா என்று பார்த்துக்கொண்டிருப்பது அத்தானின் வேலை. வழி தவறி வருகிறவர்கள் கூட வருவதை நிறுத்தி ஏழெட்டு வருஷம் ஆயிற்று.

அறையில் மூன்று வரிசை நாற்காலிகள், ஒரு பெரிய மேஜை, மேஜைமேல் மூன்று தொலைபேசிகள் இருந்தன. அவற்றில் ஒன்றுக்குத்தான் கம்பி உண்டு. எதிர்ச்சுவரில் ஆள் உயரத்துக்குத் தொகுதி வரைபடம். கடிதத்தாளில் அவர் பெயருக்கு முன்னால் 'முன்னாள்' என்ற சொல் சட்டப்படி இருக்கவேண்டும் என்பதால் இருந்தது. அச்சடித்தது நான் பிழை திருத்தும் அச்சகம்தான். எங்களிடம் உள்ள எழுத்திலேயே மிகச் சிறியதைக் கேட்டு வாங்கிக்கொண்டார். மருந்துப் பெட்டியின் ஓரத்தில் எச்சரிக்கை போடுவார்களே, அந்த அளவு.

அந்தச் சொல்லை அவரே படித்திருக்க முடியாது. கைக்கெட்டும் தூரத்தில் இருப்பதெல்லாம் அவருக்கு இருபது வருஷமாகப் புகை மூட்டம். மூக்குக் கண்ணாடி போடமாட்டார். தலைவன் கண்ணாடி போட்டால் தொண்டனுக்கு நம்பிக்கை போய்விடும் என்பது அவர் கொள்கை. இதில் வேடிக்கை என்னவென்றால் ஊரில் மூக்குக் கண்ணாடிக் கடை வைத்திருப்பதே என் அக்காதான். ஊருக்கெல்லாம் பார்வை கொடுத்தவள் வீட்டுக்குள் ஒருவருக்குக் கொடுக்க முடியவில்லை.

அக்காவின் கடை வீட்டின் பின்பக்க நடையில் இருந்தது. மூன்று மீட்டர் நீளம். கண் பரிசோதனைக்கு ஆறு மீட்டர் வேண்டும். அதற்காக, வந்தவர் தலைக்குப் பின்னால் எழுத்துப் பலகையை மாட்டி, எதிரே நிலைக்கண்ணாடி வைத்து, போய்வருகிற தூரத்தைச் சேர்த்து ஆறாக்கியிருந்தாள். பக்கத்திலேயே சமையலறை. அடுப்பில் ஏதாவது கொதித்தால் நிலைக்கண்ணாடியில் ஆவி படியும்; உட்கார்ந்திருப்பவருக்குப் பார்வை திடீரென்று மோசமாகும். தீயைக் குறைத்தால் பாதிப்பேர் குணமாகிவிடுவார்கள்.

இப்படியே ஓட்டிக்கொண்டிருந்தவளுக்குப் போன மாதம் ஒரு சுற்றறிக்கை வந்தது. இனி நிலைக்கண்ணாடி செல்லாது, நாற்காலிக்கும் பலகைக்கும் நடுவே நேர்க்கோட்டில் ஆறு மீட்டர் இருக்கவேண்டும், அடுத்த பத்தாம் தேதி ஆய்வாளர் வருவார், இடம் இல்லையென்றால் உரிமம் ரத்து. அக்கா வீடு முழுக்க அளந்தாள். அத்தான் குளிக்கப் போன நேரத்தில் முன் அறையை அளந்தாள். மேஜையிலிருந்து வரைபடம்வரை ஆறு மீட்டரும் ஒரு சாணும் இருந்தது. வீட்டில் வேறெங்கும் அந்த நீளம் இல்லை.

அன்று சாப்பாட்டு வேளையில் கேட்டாள். கேட்கும்போது நானும் இருந்தேன். அத்தான் கையைக் கழுவிவிட்டு வந்து யோசித்தார். உடனே மறுக்கவில்லை, அது அவர் வழக்கமில்லை. பரிசீலிப்பதாகச் சொன்னார். மூன்று நாள் கழித்துப் பரிசீலனையின் முடிவு வந்தது. தொகுதிக்கு ஒரு வரலாறு எழுதப்பட வேண்டும். அது அச்சாகி அவர் கையில் வந்த மறுநிமிஷம் வரைபடம் இறங்கும், அறை அக்காவுக்கு. எழுதுவது நான்.

"நான் பிழை திருத்தறவன் அத்தான். எழுதறவன் இல்ல."

"அதான் மாப்ள வேணும். இந்தத் தொகுதிக்கு நடந்ததே ஒரு பெரிய பிழை."

வெளியே வந்ததும் அக்கா என் சட்டையைப் பிடித்து நிறுத்தினாள். "மூணு வாரந்தான்டா இருக்கு. சின்னதா எழுது. ரொம்ப உண்மையெல்லாம் தேடிக்கிட்டிருக்காத."

அப்போது அதை அவசரத்தில் சொன்னதாக நினைத்துக்கொண்டேன்.

அத்தான் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டதில் தொகுதி மக்களின் நூற்றாண்டுக் கனவிலிருந்து பிறந்தது. பழைய செய்தித்தாள்களில் அது வேறு மாதிரி பிறந்திருந்தது. மூன்று தொகுதி உறுப்பினர்கள் சேர்ந்து உட்கார்ந்து, அவரவருக்கு வேண்டாத ஊர்களை மேஜையில் வைத்தார்கள். எடுத்துக்கொள்ள யாரும் இல்லை. மிஞ்சியதற்கு ஒரு பெயர் வைத்துவிட்டு எழுந்து போனார்கள்.

முதல் உறுப்பினர் போட்டியில்லாமல் ஜெயித்தார். அவர் தபால் அலுவலகத்தில் இருந்தவர். வேட்புமனுவுக்குக் கடைசி நாள் எது என்ற அறிவிப்பு அவர் கைவழியாகத்தான் ஊருக்குள் போயிற்று. கடைசி நாளுக்கு அடுத்த நாள் போயிற்று. இரண்டாவது தேர்தலில் ஒரே குடும்பத்துப் பெரியப்பா மகனும் சித்தப்பா மகனும் எதிரெதிராக நின்றார்கள். ஊரில் ஒலிபெருக்கி வண்டி ஒன்றுதான். காலையில் அண்ணனுக்கும் மாலையில் தம்பிக்கும் ஓடியது. ஒரே ஓட்டுநர் காலையில் துரோகி என்றவரையே மாலையில் தியாகி என்பார். மூன்றாவது தேர்தலில் அந்த ஓட்டுநரே நின்று இருவரையும் தோற்கடித்தார். இரண்டு தரப்பு நியாயமும் தெரிந்த ஒரே ஆள் என்று ஜனங்கள் நினைத்திருக்க வேண்டும்.

அதற்குப் பிறகு என் அத்தானின் பொற்காலம். மூன்று தேர்தல், மூன்று வெற்றி. முதல் தடவை இருநூற்றுப் பன்னிரண்டு ஓட்டு வித்தியாசம். இரண்டாம் தடவை ஆயிரத்துத் தொள்ளாயிரம். மூன்றாம் தடவை நாலாயிரத்து எண்ணூறு. வளர்ந்துகொண்டே போன மக்கள் அன்பை ஒரு படமாகப் போடச் சொன்னார். போட்டேன். பிழை திருத்துகிறவன் புத்தி, பக்கத்திலேயே மொத்த வாக்காளர் எண்ணிக்கையையும் எழுதிப் பார்த்தேன். முப்பத்தோராயிரம், இருபதாயிரம், ஒன்பதாயிரம். அன்பு ஏற ஏற ஆள் குறைந்திருக்கிறது.

இதற்கும் ஏழாம் அத்தியாயத்துக்கும் விவரம் தேடித் தேர்தல் அலுவலகத்தின் ஆவண அறைக்குப் போனேன். ஏழாம் அத்தியாயத்தின் தலைப்பை அத்தான் ஏற்கெனவே கொடுத்துவிட்டார்: 'சதி'. தலைநகரத்தில் யாரோ ஒருவன் திட்டம்போட்டு நம் தொகுதியைக் கலைத்தான், அவன் யார் என்று வரலாறு சொல்ல வேண்டும்.

ஆவணக் காப்பாளர் ஓர் அம்மாள். மூக்கில் துணி கட்டிக்கொண்டு, ஒழிந்துபோன தொகுதிகளை மாடிப்படிக்கு அடியில் அடுக்கி வைத்திருந்தார். எங்களுடையது ஒரே கட்டு. அவிழ்த்ததும் முதலில் வந்தது முதல் எல்லை மறுவரையறையின்போது கொடுக்கப்பட்ட மனு. ஆற்றுக்கு அக்கரை ஊரைத் தொகுதியிலிருந்து நீக்கவேண்டும், ஆற்றைக் கடந்து வருவது முதியோருக்குச் சிரமம் என்றிருந்தது. அக்கரை ஊருக்கு அக்கரையிலேயே வாக்குச்சாவடி உண்டு. அத்தானுக்கு அங்கே ஓட்டுத்தான் கிடையாது. அடுத்தது இரண்டாம் மறுவரையறை மனு: கல் குவாரிக் குடியிருப்பை நீக்கவேண்டும், கல் உடைக்கும் சத்தத்தில் பிரசாரம் காதில் விழுவதில்லை. அங்கேயும் அவருக்கு ஓட்டு இல்லை. இரண்டிலும் அத்தானின் கையெழுத்து, கடைசி எழுத்தின் வாலை இரண்டு சுற்று சுழித்து.

பிடிக்காத கிளையையெல்லாம் வெட்டி வெட்டி மரத்தைக் குச்சியாக்கியிருக்கிறார் மனிதர். ஆனால் குச்சியையும் பிடுங்கியது யார்?

"அதுக்கும் காகிதம் இருக்கு," என்றார் அந்த அம்மாள். "ரொம்பச் சின்னத் தொகுதின்னு அந்த வருஷம் பதினோரு தொகுதியக் கலைக்கப் பட்டியல் போட்டாங்க. பத்து தொகுதியிலேருந்து ஆட்சேபணை வந்துச்சு, விட்டுட்டாங்க. உங்க தொகுதியில மட்டும் ஆட்சேபணை வரல."

"ஒண்ணுமே வரலையா?"

"விண்ணப்பம் வந்துச்சு. கலைச்சிடுங்கன்னு."

எடுத்துக் கொடுத்தார். 'இத்தனை சிறிய தொகுதிக்கு ஓர் உறுப்பினரும் அவருக்கு ஓர் அலுவலகமும் அவசியமில்லை என்பதால், இதை அண்டைத் தொகுதிகளோடு இணைத்துவிடுமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன்.' கீழே வால் சுழித்த கையெழுத்து. முந்தைய இரண்டும் தட்டச்சு. இது கையால் எழுதியது. குண்டு குண்டாக, வலப்பக்கம் லேசாகச் சாய்ந்த எழுத்து. மூக்குக் கண்ணாடி உறைகள்மேல் வலது இவ்வளவு, இடது இவ்வளவு என்று நான் ஆயிரம் தடவை பார்த்திருக்கிற எழுத்து.

கலைத்த பிறகு அத்தான் ஊர்வலம் நடத்தியது எனக்கு நினைவிருக்கிறது. அந்த அம்மாளுக்கும் நினைவிருந்தது. இந்த வாசலில் நின்றுதான் கத்தினார்களாம். அப்போதிருந்த அதிகாரி இதே கட்டைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓடி, ஐயா நீங்கள் கேட்டதுதானே என்று காட்டப் பார்த்தாராம். காகிதத்தைக் காட்டி ஏமாற்றாதே என்று துரத்திவிட்டார்களாம்.

நகல் எடுத்துக்கொண்டு நேராக அக்காவிடம் போனேன். நடையில் உட்கார்ந்து ஒரு மூக்குக் கண்ணாடி வில்லையின் ஓரத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். தாளைப் பார்த்தாள். வில்லையை ஊதினாள். மறுபடி தேய்த்தாள்.

"இத அவர் படிச்சுட்டுத்தான் கையெழுத்து போட்டாரா அக்கா?"

"கண்ணாடி போட்டிருந்தா படிச்சிருப்பாரு."

பிறகு மெல்லச் சொன்னாள். அந்தக் காலத்தில் முன் அறையில் தினமும் நாற்பது பேர். நாற்பது பேருக்கும் தேநீர். கடைக்கு அந்த அறையைத் தருவதாகக் கல்யாணத்தின்போது சொன்னது, முதல் தேர்தல் முடியட்டும் என்று ஆகி, இரண்டாவது முடியட்டும் என்று ஆகி, மூன்றாவதும் முடிந்துபோயிற்று. தினமும் காலையில் அவர் கையெழுத்துப் போட ஒரு கட்டு வரும். எந்த மனுவையும் ஒரு நிமிஷம்கூடத் தாமதிக்காதவர் என்று அவருக்குப் பெயர். படித்தால்தானே தாமதமாகும். பட்டியலில் தொகுதி இருக்கிற செய்தி வந்த அன்று அக்கா இதை எழுதி அந்தக் கட்டுக்குள் மூன்றாவதாகச் செருகி, தானே கொண்டுபோய் நீட்டினாள்.

"தொகுதி போனா ரூம் வரும்னு நெனச்சேன். தொகுதி போச்சு. ரூம் வரல," என்றாள்.

ஒரு காகிதம் கிடைத்திருக்கிறது என்று அத்தானிடம் சொல்லாமல் இருந்திருக்கலாம். ஆனால் ஏழாம் அத்தியாயம் எங்கே, எங்கே என்று தினம் இரண்டு தடவை கேட்டார். அது இல்லாமல் புத்தகம் இல்லை, புத்தகம் இல்லாமல் அறை இல்லை. தேதி ஏழு ஆகிவிட்டது. விண்ணப்பம் ஒன்று போயிருக்கிறது, அதனால்தான் கலைத்தார்கள் என்றேன். அத்தான் நாற்காலியை விட்டு எழுந்தேவிட்டார். நகலை வாங்கிக் கையை நீட்டிப் பிடித்தார். இன்னும் நீட்டினார். தலையைப் பின்னால் சாய்த்தார்.

"கையெழுத்தப் பாரு மாப்ள. வால எப்படிச் சுழிச்சு வச்சிருக்கான் பாரு. இப்படிக் கையெழுத்து போடறவன் எவ்வளவு திமிர் புடிச்சவனா இருப்பான்."

செயலாளரும் எட்டிப் பார்த்துவிட்டு, திமிர்தான் என்றார். அவருக்கும் வயது அறுபத்தெட்டு, அவருடைய கண்ணாடி சைக்கிள் கடையில் இருந்தது.

"யாருன்னு நீங்களே படிச்சுப் பாத்துடுங்க அத்தான்."

"படிக்கறதுக்கு என்ன இருக்கு? பாத்தாலே தெரியுதே. பக்கத்துத் தொகுதிக்காரன். இத அப்படியே ஒரு முழுப் பக்கத்துக்கு, வழவழ தாள்ல போடு. ஊரே பாக்கட்டும்."

ஊர் பார்த்தால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். அடுத்த பன்னிரண்டு வருஷத்துக்கு வேறு பேச்சே இருக்காது. அச்சுக்குப் போகாமல் அக்காவிடம் போனேன். அவள் கையிலிருந்த வில்லையைத் துடைத்துக்கொண்டே யோசித்தாள். படித்தால் மனிதர் அறையை ஆயுசுக்கும் தரமாட்டார். படிக்காவிட்டால் ஊர் சிரிக்கும். கடைசியில் சொன்னாள்: "ஊர் படிக்கறதுக்கு முன்னாடி அவர் படிக்கட்டும். ரூம் போனா போகுது."

ஒன்பதாம் தேதி மத்தியானம் மூக்கில் மாட்டிக் கண் பார்க்கும் சோதனைச் சட்டத்தையும் வில்லைப் பெட்டியையும் எடுத்துக்கொண்டு முன் அறைக்குள் வந்தாள். அச்சுக்கு ஒப்புதல் கையெழுத்துப் போடுமுன் ஒரே ஒரு தடவை படித்துவிடும்படி கேட்டாள்.

"என் கண்ணுக்கு என்ன?"

"கண்ணுக்கு ஒண்ணுமில்லீங்க. கைதான் நீளம் பத்தல."

அத்தான் யோசித்தார். செயலாளரைத் தபால் போட அனுப்பினார். திரையை இழுத்துவிடச் சொன்னார். பலகையை மாட்ட ஆணி ஒன்றுதான் இருந்தது, அதில் தொகுதி தொங்கியது. பத்து நிமிஷத்துக்கு மட்டும் என்ற நிபந்தனையோடு அதை இறக்க அனுமதித்தார். நானும் அக்காவும் பிடித்து இறக்கினோம். பின்னால் சுவர் அதே அளவில் வெளேரென்று இருந்தது.

பலகையை மாட்டியதும் அதில் முதல் வரியைப் படித்தார். இரண்டாம் வரியை ஊகித்தார். மூன்றாம் வரி வந்ததும், இதை எழுதியது எந்தக் கட்சி என்று கேட்டார். அக்கா வில்லைகளை மாற்றி மாற்றிப் போட்டாள்; இது தெளிவா, இது தெளிவா. ஒரு கட்டத்தில் அவர் பேச்சை நிறுத்திவிட்டு ஒவ்வொரு எழுத்தாக, குழந்தை மாதிரி, கடைசி வரிவரை படித்துக்கொண்டு போனார். அப்புறம் அக்கா கிட்டப் பார்வைக்கு வில்லையை மாற்றித் தாளைக் கையில் கொடுத்தாள்.

ஒரு தடவை படித்தார். மறுபடி மேலிருந்து படித்தார்.

"இது என் கையெழுத்து."

"ஆமாங்க."

"இது உன் எழுத்து."

"ஆமாங்க."

"படிச்சுக் காட்டியிருக்கலாம் நீ."

"மூணாவது காகிதம் நான் எழுதினது, படிச்சுக் காட்டவான்னு கேட்டேன். நீ எழுதினா சரியாத்தான் இருக்கும், குடுன்னீங்க."

அவர் தாளை மடித்தார். நிமிர்ந்து அறையைப் பார்த்தார். கிழிந்த மெத்தை நாற்காலிகள், கம்பியில்லாத தொலைபேசிகள் எல்லாம் இருந்தபடியே இருந்தன. கடைசியில் எதிரே நின்ற அக்காவின் முகத்தில் பார்வை வந்து நின்றது.

"உனக்கு எப்ப இவ்வளவு நரைச்சுது?"

"ரெண்டாவது தேர்தலப்போ."

அவர் எழுந்தார். இரும்பு வளையங்களும் திருகுகளுமாக அந்தச் சோதனைச் சட்டம் மூக்கின்மேல் இருக்க, அப்படியே போய் வாசற்கதவைத் திறந்தார். செயலாளர் தபால் போட்டுவிட்டு வந்து நின்றார். தலைவரின் முகத்தைப் பார்த்து ஓரடி பின்வாங்கினார்.

"தொகுதியக் கலைச்சது யாருன்னு தெரிஞ்சுபோச்சு," என்றார் அத்தான்.

"யாருங்க அவன்?" செயலாளர் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டார்.

அக்கா மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"நான்," என்றார் அத்தான். தொண்டையைச் செருமிக்கொண்டார். ஒன்பதாயிரம் பேருக்காக ஓர் உறுப்பினர் நாட்டுக்குப் பாரமாக இருக்கலாமா என்று அன்றைக்கே தான் யோசித்ததாகவும், பதவியைத் துறக்கிறவர்கள் உண்டு, தொகுதியையே துறந்தவர் யார் என்றும், இதை வெளியே சொன்னால் தற்பெருமையாகிவிடும் என்று இத்தனை வருஷம் மூடி வைத்திருந்ததாகவும் சொன்னார். அப்படியென்றால் ஊர்வலம் எதற்கு என்று செயலாளர் கேட்கவில்லை. பழக்கதோஷத்தில் இரண்டு தடவை கைதட்டினார். நான் திரும்பிப் பார்த்தபோது அக்கா நாடாவை விரித்துத் தரையில் அளந்துகொண்டிருந்தாள்.

ஏழாம் அத்தியாயத்தின் தலைப்பைத் 'தியாகம்' என்று மாற்றினேன். எதிரிக்கு வைத்திருந்த வர்ணனைகள் பாதிக்குமேல் அப்படியே பொருந்தின. அந்த விண்ணப்பம் வழவழ தாளில் முழுப் பக்கம் வந்தது. அச்சகத்தில் ராத்திரியே நாலு பிரதி கட்டிக்கொடுத்தார்கள்.

பத்தாம் தேதி காலை ஆய்வாளர் வந்தார். நாற்காலியிலிருந்து பலகைவரை அளந்தார். ஆறு மீட்டர், ஒரு சாண். பலகைக்குப் பின்னால் சுவரின் வெள்ளைக் கட்டத்தைப் பார்த்து, இங்கே முன்பு என்ன இருந்தது என்று கேட்டார்.

"ஒரு தொகுதி," என்றாள் அக்கா.

ஆய்வாளர் எதையோ குறித்துக்கொண்டு, வீட்டு உரிமையாளரின் சம்மதக் கடிதம் வேண்டும் என்றார். அக்கா முன்கூட்டியே எழுதி வைத்திருந்தாள். எடுத்துக்கொண்டு நாங்கள் நடைக்குப் போனோம். அத்தானின் மேஜை இப்போது அங்கே. எதிரே நிலைக்கண்ணாடி. அதற்குள்ளிருந்து புது மூக்குக் கண்ணாடி போட்ட ஒருவர், எல்லாவற்றையும் ஆமோதிக்கிற முகத்தோடு அவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அத்தான் கடிதத்தை வாங்கினார். நான் பேனாவின் மூடியைத் திறந்து நீட்டினேன். அவர் வாங்கவில்லை. முதல் வரியிலிருந்து ஆரம்பித்தார். முன் அறையில் ஆய்வாளர் இரண்டு தடவை இருமினார். அத்தான் பக்கத்தைத் திருப்பிப் பின்னால் ஏதாவது இருக்கிறதா என்று பார்த்தார். மறுபடி முன்பக்கம் வந்தார். பிறகு பேனாவை வாங்கி, 'தாழ்மையுடன்' என்ற சொல்லை மட்டும் அடித்துவிட்டு, வாலை இரண்டு சுற்று சுழித்துக் கையெழுத்துப் போட்டார்.